வில்லிசையும் மூவர் இசையும்: பாடும் சபைக்கு ஒரு பண்பாட்டு விளக்கம்

முன்னுரை

திருச்சபை தோன்றிய நாள்முதல் பாடும் சபையாகவே வாழ்ந்து வருகிறது. ஆயினும் எந்த இசையில் பாடுவது, எந்தக் கருவியை ஆலயத்திற்குள் அனுமதிப்பது என்னும் வினாக்கள் ஒவ்வொரு தலைமுறையிலும் மீண்டும் எழுகின்றன. பவுலடியார் கொலோசெய சபைக்கு எழுதியபோது மூவகைப் பாடல்களைக் குறிப்பிட்டாரேயன்றி, அவற்றை இன்ன பண்ணில், இன்ன கருவியோடு பாடுக என்று விதித்தாரில்லை. அந்த முடிவு அந்தந்த நாட்டுச் சபையின் பொறுப்பாக விடப்பட்டுள்ளது. அப்பொறுப்பை நாம் எவ்வாறு நிறைவேற்றியுள்ளோம் என்பதைச் சிந்திக்கும்பொருட்டு, இரண்டு கூட்டிசை மரபுகளை ஒருங்கே வைத்து நோக்க விழைகிறோம். ஒன்று, நமது தென்காசி, நெல்லைச் சீமையில் வழங்கும் வில்லுப்பாட்டு. மற்றது, சுமத்திரா தீவின் வடபகுதியில் வாழும் பத்தாக் மக்களின் மூவர் இசை.

இவ்விரண்டிற்கும் என்ன தொடர்பு என்று வாசகர் வினவலாம். பத்தாக் மக்கள் நமக்கு முற்றிலும் அந்நியர் அல்லர். அவர்கள் நாட்டின் மேற்குக் கரையிலுள்ள பாருஸ் துறைமுகத்தின் அருகே, லோபு துவா என்னுமிடத்தில், கி.பி. 1088ஆம் ஆண்டைச் சேர்ந்த தமிழ்க் கல்வெட்டு கிடைத்துள்ளது. ஐந்நூற்றுவர் என்னும் தமிழ் வணிகக் குழுவினர் கற்பூர வாணிகத்தின்பொருட்டு அங்கே தங்கியிருந்தமைக்கு அது சான்று. பத்தாக் இனத்தின் ஒரு பிரிவினராகிய காரோ மக்களிடையே செம்பிரிங் என்னும் குலத்தின் உட்பிரிவுகள் சோலியா, பாண்டியா, பிராமணா என்னும் பெயர்களை இன்றும் தாங்கி நிற்கின்றன. பத்தொன்பதாம் நூற்றாண்டில் தெலிப் பகுதிப் புகையிலைத் தோட்டங்களுக்குக் கூலிகளாகச் சென்ற தமிழரின் வழிவந்தோர் மேடான் நகரில் இன்றும் வாழ்கின்றனர். இவை எல்லாவற்றிற்கும் மேலாக, பத்தாக் சபையும் நெல்லைச் சபையும் மிஷன் பணியின் விளைவாகத் தோன்றிய சகோதரச் சபைகளாகும். ஒரே சோதனையை இரு சபைகளும் எதிர்கொண்டன. அதனை அவை எதிர்கொண்ட விதம் வேறு.

1. கடையத்தில் கேட்கும் வில்லோசை

கடையம் மேற்கு மலைத் தொடரின் அடிவாரத்தில், இராமநதியின் நீர் பாயும் வயல்களின் நடுவே அமைந்துள்ள ஊர். 2019 நவம்பரில் திருநெல்வேலியிலிருந்து பிரிக்கப்பட்ட தென்காசி மாவட்டத்தில் இன்று அடங்கியுள்ளது. பாரதியார் கடலூர்ச் சிறையினின்று விடுபட்டபின், 1918 இறுதி முதல் 1920 வரை தம் துணைவியாரின் ஊராகிய இங்கே வாழ்ந்தார் என்பதனால் பலரும் இதனை அறிவர். ஆனால் இவ்வட்டாரத்தின் பாட்டு பாரதியாரோடு தொடங்கியதன்று. கொடை விழாக் காலங்களில் இரவு முழுவதும் சுற்றுக் கிராமங்களிலிருந்து வில்லின் மணியோசையும் குடத்தின் அதிர்வும் காற்றில் வந்து சேரும். அவ்வோசையைக் கேளாமல் இச்சீமையில் வளர்ந்தவர் எவரும் இரார்.

வில்லுப்பாட்டின் அமைப்பைச் சுருக்கமாக விளக்குவோம். பனை வைரத்தினாலோ வேறு உறுதியான மரத்தினாலோ செய்த நீண்ட வில்லொன்று, தோல் நாண் பூட்டப்பெற்று, மண்குடத்தின் கழுத்தோடு பிணைக்கப்படுகிறது. வில்லின் தண்டில் வெண்கல மணிகள் வரிசையாகத் தொங்கும். தலைமைப் பாடகர் வீசுகோல்கள் இரண்டினால் நாணை அடிக்கையில் மணிகள் அதிர்ந்து ஒலிக்கும். மற்றொருவர் குடத்தின் வாயை மட்டையால் அடித்தும், அதன் உடலைக் கையால் தட்டியும் தாளம் எழுப்புவார். உடுக்கை, தாளம், கட்டை ஆகியவை துணைக் கருவிகள்.

இவற்றினும் நம் கருத்திற்கு முக்கியமானது பாடுவோரின் அமைப்பு. தலைமைப் பாடகர் நடுவில் அமர்வார். அவருடைய வலப்புறத்தில் இருப்போர் வலத்தே பாடுவோர் எனவும், இடப்புறத்தில் இருப்போர் இடத்தே பாடுவோர் எனவும் வழங்கப்படுவர். தலைவர் ஓர் அடியை எடுத்துப் பாட, பக்கத்தார் அதனை வாங்கிப் பாடுவர். அவர் கதையை வசனமாகச் சொல்லுகையில் ‘ஆமா’ என்று ஏற்றுக்கொள்வர். வினா எழுப்பிக் கதையை முன்னே நடத்துவர். ஆகவே கருவிகளும் ஆட்களும் எத்தனையாயினும், வில்லுப்பாட்டின் உள்ளமைப்பு மூன்று குரல்களால் ஆனது: நடுக்குரல், வலக்குரல், இடக்குரல். பக்கத்தார் வாய்மூடினால் தலைவர் எத்துணைத் திறமுடையவராயினும் கதை நகராது.

நிகழ்ச்சிக்கும் ஓர் ஒழுங்கு உண்டு. காப்புப் பாடல், வருபொருள் உரைத்தல், குருவடி பாடுதல், அவையடக்கம், நாட்டு வளம், கதைக்கூறு, வாழி பாடுதல் என்பன அதன் உறுப்புக்களாம். வழிபாட்டு முறைமையைக் கற்பிக்கும் நமக்கு இவ்வொழுங்கு புதிதன்று. அழைப்பில் தொடங்கி, தாழ்மையை அறிக்கையிட்டு, வரலாற்றை எடுத்துரைத்து, ஆசீர்வாதத்தில் முடியும் ஒழுங்கை ஞாயிறுதோறும் நாமும் நடத்துகிறோம்.

2. கதை யாருடையது?

வில்லில் பாடப்படும் கதைகள் பெரும்பாலும் அகால மரணமடைந்தோரின் கதைகள். கொலையுண்டோர், பழிசுமத்தப்பட்டோர், குல எல்லையைக் கடந்து மணந்தமையால் மாண்டோர் ஆகியோரே கொடைத் தெய்வங்களாக நிற்கின்றனர். கடையத்திற்கு அணித்தேயுள்ள பாபநாசம் மலைப்பகுதியோடு தொடர்புடைய முத்துப்பட்டன் கதையை இதற்கு எடுத்துக்காட்டாகக் கூறலாம். பிராமண குலத்தில் பிறந்த முத்துப்பட்டன், சக்கிலியர் குலத்தவராகிய வாலப்பகடையின் மகளிர் பொம்மக்காவையும் திம்மக்காவையும் மணக்க விரும்புகிறான். பெண்களின் தந்தை விதித்த நிபந்தனைப்படி பூணூலைக் களைந்து, குடுமியை அறுத்து, தோல் தொழிலைக் கற்றுக்கொள்கிறான். பின்னர் மாமனாரின் மாடுகளைக் கவர வந்த கள்வரோடு போரிட்டு மடிகிறான். காரையாற்றிலுள்ள சொரிமுத்தையனார் கோவிலில் பட்டவராயனாக அவன் வணங்கப்படுகிறான்; அவனுக்குத் தோற்செருப்புக்களைக் காணிக்கையாகச் செலுத்தும் வழக்கம் இன்றும் உண்டு.

பேராசிரியர் நா. வானமாமலை 1967இல் நெல்லை ஆய்வுக் குழுவை நிறுவி இத்தகைய கதைப்பாடல்களைத் தொகுத்தும் ஆராய்ந்தும் வந்தார். முத்துப்பட்டன் கதையை மதுரைப் பல்கலைக்கழகம் அவருடைய பதிப்பாக 1971இல் வெளியிட்டது. ஏட்டில் இடம்பெறாத மக்களின் நியாயக் குரல் இப்பாடல்களில் பதிந்துள்ளது என்பதை அவருடைய பணி கற்றோருக்கு உணர்த்தியது. மேடையிலும் வானொலியிலும் வில்லிசையைப் பரப்பியவருள் நெல்லைச் சத்திரம் புதுக்குளத்தில் பிறந்த சுப்பு ஆறுமுகம் அவர்கள் (1928-2022) குறிப்பிடத்தக்கவர். வில்லுப்பாட்டு ஆடவர்க்கு மட்டும் உரியது என்ற எண்ணத்தைத் தம் வாழ்நாளெல்லாம் பாடியே பொய்யாக்கிய குமரி மாவட்டத்துப் பூங்கனி அம்மையார் 2018இல் மறைந்தார்.

ஆகவே வில்லுப்பாட்டைப் பொழுதுபோக்கு என்று கருதுவது பிழை. மாண்டோரை மறவாதிருத்தலும், அவர்களுக்கு நேர்ந்த அநீதியை ஊர் நடுவே அறிக்கையிடுதலுமே அதன் பண்பாட்டுப் பொருள் எனலாம்.

3. பத்தாக் நாட்டின் மூவர் இசை

இனி, கடல் கடந்து தோபா ஏரிக்கரைக்குச் செல்வோம். ஏறத்தாழ நூறு கிலோமீட்டர் நீளமுள்ள அந்த ஏரியைச் சூழ்ந்த மேட்டு நிலமே தோபா பத்தாக்கியரின் தாயகம். ஜெர்மானிய ரைனிஷ் மிஷனைச் சேர்ந்த லுத்விக் இங்வர் நொம்மென்சன் 1862இல் சுமத்திரா வந்து, 1918இல் மரிக்கும்வரை அம்மக்களிடையே உழைத்தார். புதிய ஏற்பாட்டைத் தோபா மொழியில் பெயர்த்தார். இன்று பத்தாக் புரொட்டஸ்தாந்து கிறிஸ்தவ சபை இந்தோனேசியாவின் மிகப்பெரிய புரொட்டஸ்தாந்து சபைகளுள் ஒன்றாக விளங்குகிறது. 1861 அக்டோபர் 7ஆம் நாளை அது தன் பிறந்த நாளாகக் கொண்டாடுகிறது.

மிஷனெரிமார் சென்றபோது பத்தாக்கியரிடம் கொண்டாங் என்னும் மாபெரும் வாத்தியக் குழு இருந்தது. சுருதி சேர்க்கப்பட்ட முழவுகளின் வரிசையும், தொங்கும் கண்டாமணித் தட்டுக்களும், நாகசுரத்தை ஒத்த குழலும் அதில் இடம்பெறும். முன்னோரின் ஆவிகளை அழைக்கும் சடங்கிலே அது வாசிக்கப்பட்டமையால் மிஷனெரிமார் அதனை விலக்கினர். அதற்கு ஈடாக அவர்கள் அளித்தது ஜெர்மானிய ஞானப்பாட்டு; அதாவது, நான்கு குரல்கள் வெவ்வேறு சுரங்களில் ஒரே நேரத்தில் இசைந்து ஒலிக்கும் பாடல் முறை. பத்தாக்கியர் அதனை மிகுந்த ஆர்வத்தோடு ஏற்றனர். கிராமத்துச் சபைகளிலும் பாடகர் குழுக்கள் தோன்றின.

இங்கேதான் நாம் கவனிக்கவேண்டிய மாறுதல் நிகழ்ந்தது. ஆலயத்தில் கற்ற குரலிணைவு ஆலயத்தோடு நின்றுவிடவில்லை. மக்கள் அதனை வீட்டிற்கும், பனங்கள்ளை ஒத்த துவாக் விற்கும் கடைகளுக்கும் எடுத்துச் சென்றனர். ஜெர்மனியில் பிறந்த குரலிணைவில் தங்கள் மொழியையும் துயரத்தையும் அமைத்தனர். 1920களில் தில்ஹாங் குல்தோம் தொடங்கிய பத்தாக் நாடகக் குழு ஊர் ஊராகச் சென்று பாடல்களைப் பரப்பியது. நாஹும் சித்துமொராங் (1908-1969) இயற்றிய பாடல்கள் எல்லாருடைய வாயிலும் நிலைத்தன. கிதார் ஒன்றோ இரண்டோ ஒலிக்க, மூன்று ஆடவர் இணைந்து பாடும் முறை படிப்படியாக நிலைபெற்றது. ஒலிநாடாக் காலத்தில் ட்ரியோ அம்பிசி, ட்ரியோ லாசிடோஸ் போன்ற மூவர் குழுக்கள் புகழ்பெற்றன.

அவ்விசையின் இயல்பை இவ்வாறு விளக்கலாம். ஒருவர் மெட்டைப் பாடுகிறார். மற்றொருவர் அதற்கு மேலே, மூன்றாம் சுரத்தில் அதே சொற்களைத் தொடர்கிறார். மூன்றாமவர் கீழே நின்று அடித்தளம் அமைக்கிறார். எவரும் தனித்து நெடுநேரம் மேலோங்குவதில்லை. ஒருவர் தனியே ஓர் அடியை உருக்கமாகப் பாடினாலும் அடுத்த அடியில் மற்ற இருவரும் வந்து சேர்ந்துகொள்வர். நமது பாட்டில் பலர் பாடினாலும் சுரம் ஒன்றே. அவர்கள் பாட்டில் சொல் ஒன்று, சுரம் மூன்று. வில்லுப்பாட்டின் மூன்று குரல்கள் ஒன்றன்பின் ஒன்றாக ஒலிக்கின்றன. பத்தாக் மூவரின் குரல்கள் ஒரே வேளையில் ஒலிக்கின்றன.

பாடற்பொருள் பெரும்பாலும் பெற்றோர், பிரிவு, பிறந்த ஊர் என்பனவே. பத்தாக் இளைஞர் கல்வியையும் பிழைப்பையும் நாடித் தாயகத்தை விட்டுச் செல்வதை மரந்தாவ் என்பர். மேடானிலும் ஜகார்த்தாவிலும் வாழும் பல்லாயிரவர் இவ்வாறு சென்றவர்களே. தன் பிள்ளையே தனக்குச் செல்வம் என்று உழைக்கும் தாய் கூறுவதாக நாஹும் சித்துமொராங் அமைத்த பாடல் அவர்களுக்கு ஏறத்தாழ ஒரு குலகீதமாகவே விளங்குகிறது. மும்பைக்கும் வளைகுடா நாடுகளுக்கும் மக்களை அனுப்பிவிட்டு, முற்றத்தில் அமர்ந்து பீடி சுற்றும் நம் சபைத் தாய்மாருக்கு அப்பாடலின் பொருளை எவரும் விளக்கவேண்டியதில்லை.

4. மூன்று அடுப்புக்கற்கள்

பத்தாக்கியரின் சமுதாய வாழ்வு தலிஹான் நா தோலு என்னும் கருத்தின்மேல் அமைந்துள்ளது. ‘மூன்று அடுப்புக்கற்கள்’ என்பது அதன் பொருள். நம் வீடுகளில் முற்காலத்தில் மூன்று கற்களைக் கூட்டி அடுப்பு அமைத்ததை வாசகர் நினைவுகூர்க. மூன்றில் ஒன்றை அகற்றினால் பானை நில்லாது. பத்தாக்கியருக்கு அம்மூன்று கற்களாவன: பெண் கொடுத்த வீட்டார், ஒரே குலத்துப் பங்காளிகள், பெண் எடுத்த வீட்டார். பெண் கொடுத்தோரை வணங்கவேண்டும். பங்காளிகளோடு எச்சரிக்கையாய்ப் பழகவேண்டும். பெண் எடுத்தோரிடம் அன்போடு பேசி இணங்கச் செய்யவேண்டும். ஒவ்வொருவரும் ஓரிடத்தில் பெண் கொடுத்தோராகவும் வேறோரிடத்தில் எடுத்தோராகவும் இருப்பதால், நிரந்தர மேலோன் என்றோ நிரந்தரக் கீழோன் என்றோ ஒருவரும் இலர்.

மூவர் இசை இம்மூன்று கற்களிலிருந்தே பிறந்தது என்று கூறிவிட நாம் துணியோம். அதன் இசைப்பிறப்பு ஞானப்பாட்டிலும் கிதாரிலும் உள்ளது. எனினும் அவ்விசை ஏன் அவர்கள் நெஞ்சில் அத்துணை எளிதாக இடம்பெற்றது என்பதை உணர இக்கருத்து துணைசெய்கிறது. மூன்று இடங்கள், மூன்று பொறுப்புகள், ஒரே பானை. இத்தகைய வாழ்வை ஏற்கெனவே வாழ்ந்த மக்கள் அதற்கு ஒத்த பாட்டைக் கேட்டவுடன் அடையாளம் கண்டுகொண்டனர்.

இவ்விடத்தில் நம் நிலையை எண்ணாதிருக்க இயலாது. தாய்மாமன் சீரும் மாமன் மச்சான் உறவும் நமக்கும் உண்டு. ஆனால் நமது மூன்று கற்களும் சாதி என்னும் வேலிக்குள்ளேயே அடுக்கப்பட்டுள்ளன. அவ்வேலியைத் தாண்டிய முத்துப்பட்டனின் கதையை ஊர் வில்லில் பாடுகிறது. ஊரின் திருமணங்களோ வேலிக்கு உள்ளேயே நிகழ்கின்றன. நம் சபைக் குடும்பங்களும் இதற்கு விலக்கல்ல என்பதை வருத்தத்தோடு ஒப்புக்கொள்கிறோம்.

5. நமது சபைகள் தெரிந்துகொண்ட பாட்டு

நெல்லைச் சபை தன் இசையை எங்கிருந்து பெற்றது? பாளையங்கோட்டையில் 1774இல் பிறந்து, சுவார்ட்ஸ் ஐயரால் தஞ்சைக்கு அழைத்துச் செல்லப்பட்ட வேதநாயகம் சாஸ்திரியார், கர்நாடக இசையின் இராக தாளங்களில் எண்ணற்ற கீர்த்தனைகளை இயற்றினார். அமெரிக்க மதுரை மிஷனைச் சேர்ந்த எட்வர்ட் வெப் ஐயர் 1853இல் அவற்றுட் பலவற்றைச் சபைப் பயன்பாட்டிற்கெனத் தொகுத்து அச்சிட்டார். ஒருபுறம் கீர்த்தனை, மறுபுறம் ஐரோப்பிய ஞானப்பாட்டுகளின் மொழிபெயர்ப்பாகிய பாமாலை என்னும் இரு வாய்க்கால்கள் நம் சபைகளில் இன்றுவரை ஓடுகின்றன. இரண்டும் நம்மை வளர்த்தவை. இரண்டிற்கும் நாம் கடன்பட்டுள்ளோம்.

சாஸ்திரியார் 1800இல் இயற்றிய பெத்லெகேம் குறவஞ்சியை இங்கே சிறப்பாக நினைக்கவேண்டும். குறவஞ்சி என்னும் இலக்கிய வகைக்குத் தலைசிறந்த சான்று திருக்குற்றாலக் குறவஞ்சி. குற்றாலத்தையடுத்த மேலகரத்தில் வாழ்ந்த திரிகூடராசப்பக் கவிராயர் 18ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் குற்றாலநாதர்மீது பாடியது அது. அதாவது, சிவபெருமானின் உலாவைப் பாடுவதற்கென வளர்ந்த இலக்கிய வடிவத்தை ஒரு கிறிஸ்தவப் புலவர் எடுத்துக்கொண்டு நற்செய்தியைப் பாடினார். சபை அதனைக் குறைகூறவில்லை, பெருமையாகப் போற்றியது.

இனி ஒரு வினா. குற்றாலநாதருக்குரிய குறவஞ்சி சபைக்கு ஏற்புடையதாயின், சுடலைமாடனுக்கும் முத்தாரம்மனுக்கும் உரிய வில்லுப்பாட்டு ஏன் நெடுங்காலம் விலக்கப்பட்டது? ‘அது அந்நிய தெய்வ வழிபாட்டின் பாட்டு’ என்னும் விடை இவ்விடத்தில் போதுமானதன்று, குறவஞ்சியும் அத்தகையதே. உண்மையான விடை வேறிடத்தில் உள்ளது. குறவஞ்சி புலவர் அவையில் அரங்கேறியது. வில் சேரியிலும் சுடுகாட்டுக் கோவிலிலும் ஒலித்தது. தெய்வத்தைக் காரணம் காட்டி நாம் விலக்கியது, உண்மையில் அப்பாட்டைப் பாடிய மக்களின் தாழ்நிலையையே என்று அஞ்சுகிறோம்.

மதுரை அரசரடித் தமிழ்நாடு இறையியல் கல்லூரியில் ஆசிரியராயிருந்து 2005இல் மறைந்த தியாபிலஸ் அப்பாவு அவர்கள் இவ்வுண்மையைத் துணிவோடு எடுத்துரைத்தார். ஒடுக்கப்பட்டோரின் நாட்டுப்புற இசையே அவர்களுடைய இறையியலுக்கு உகந்த மொழி என்று கூறி, அவ்விசையிலேயே பாடல்களும் வழிபாட்டு முறையும் அமைத்துத் தம் மாணவரைப் பாடச் செய்தார்.

6. ஒரு மறுப்பும் அதன் விலையும்

மறுபக்கத்து நியாயத்தையும் நேர்மையோடு கூறவேண்டும். கொடையில் வில்லடிக்கையில் கதை உச்சத்தை எட்டும்போது அருள் வந்து ஆடுவோர் உண்டு. அச்சூழலிலிருந்து மனந்திரும்பி வந்த ஒருவருக்கு அவ்வோசையே பழைய அச்சத்தை எழுப்பக்கூடும். விக்கிரகத்திற்குப் படைத்ததை உண்பதைக் குறித்துக் கொரிந்தியருக்கு அப்போஸ்தலர் எழுதியது இத்தகைய பலவீனமான மனச்சாட்சியை முன்னிட்டே. ஆகவே, வில்லை வேண்டா என்ற பெரியோரை அறியாமையுடையோர் என்று நகைப்பது தகாது.

ஆயினும் நம் அனுபவம் ஒன்றைச் சொல்லியாகவேண்டும். நாம் இளம் போதகராயிருந்த ஒரு சபையில் முதியவர் ஒருவர் இருந்தார். ஞானஸ்நானம் பெறுமுன் அவர் வில்லுக்குழு ஒன்றில் குடமடித்தவர். சபையில் சேர்ந்த நாளன்று குடத்தை விட்டவர் பின்னர் அதனைத் தொடவேயில்லை. ஓர் ஆண்டு அசனப் பண்டிகைக்கு முன் அவர் நம்மிடம் வந்து, யோசேப்பின் கதையை வில்லில் பாடப் பேரப்பிள்ளைகளைப் பழக்கியிருப்பதாகவும், பந்தலில் ஒரு மணிநேரம் பாட அனுமதி வேண்டும் எனவும் கேட்டார். சகோதரரால் குழியில் தள்ளப்பட்டு, பழிசுமத்தப்பட்டுச் சிறைப்பட்ட யோசேப்பின் வரலாற்றைக் காட்டிலும் வில்லுக்குப் பொருத்தமான வேதக் கதை வேறில்லை என்பது இன்று நமக்குப் புரிகிறது. அன்று புரியவில்லை. சபை மூப்பர் சிலர் முகம் சுளித்தனர், நாமும் மறுத்துவிட்டோம். அவர் வாதாடவில்லை. “ஐயா, குடத்துக்கு என்ன சாமி தெரியும்? தண்ணி ஊத்தினா அது தண்ணிக் குடம்” என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார்.

அந்த ஆண்டு பந்தலில் வெளியூரிலிருந்து வாடகைக்கு வந்த இசைக்குழு பாடியது. ஜனங்கள் சோற்றுக்குக் காத்திருந்தபடி கேட்டனர். முதியவர் இரண்டாண்டுகள் கழித்து மரித்தார். அவருடைய பேரப்பிள்ளைகளில் ஒருவர்கூட இன்று வில்லடிக்க அறியார். நாம் மறுத்தது ஒரு மணிநேரப் பாட்டை என்று எண்ணியிருந்தோம். உண்மையில், தன் முற்கால வாழ்வு முழுவதையும் கர்த்தரின் பாதத்தில் காணிக்கையாக வைக்க விரும்பிய ஒரு விசுவாசியின் கையைத் தட்டிவிட்டோம்.

7. பத்தாக் சபையிடம் கற்பன

பத்தாக் சபையின் வரலாற்றிலிருந்து மூன்று கருத்துக்களைப் பெறுகிறோம்.

முதலாவது, விலக்கப்பட்ட பண்பாடு அழிந்துபோவதில்லை; வேறு வாயிலாக வெளிப்படும். கொண்டாங்கை இழந்த மக்கள் உறவின் பாட்டை இழக்க மறுத்தனர். அது மூவர் இசையாக வேறுருக்கொண்டது. பின்னாளில் கொண்டாங்கும் சபையின் பண்டிகைகளில் இடம்பெறலாயிற்று. முன்னோரின் ஆவியை அழைத்த முழவு, ஆண்டவரின் பண்டிகையில் நன்றியின் முழவாயிற்று. குமரி, நெல்லை மாவட்டங்களில் கிறிஸ்தவ வில்லிசைக் குழுக்கள் தோன்றி வேதக் கதைகளைப் பாடிவருவதும் இத்தகைய மாற்றமே.

இரண்டாவது, மக்களின் பாட்டை எந்தக் குழுவும் கூடித் தீர்மானம் நிறைவேற்றி உண்டாக்க இயலாது. மூவர் இசையைச் சபைச் சங்கம் உருவாக்கவில்லை. ஆலயத்தில் பாடக் கற்ற மக்கள் தாங்களே அதனை உருவாக்கினர். சபை செய்தது ஒன்று: எல்லாரையும் பாடப் பழக்கியது. நம் சபைகளில் அண்மைக்காலமாக நிகழ்வது இதற்கு நேர்மாறானது. மின்விசைக் கருவிகளும் ஒலிபெருக்கிகளும் மேடையை நிரப்புகின்றன, நால்வர் பாடுகின்றனர், திரையில் ஓடும் வரிகளைச் சபையார் பார்த்துக்கொண்டு நிற்கின்றனர். பாமாலையின் நான்கு குரலிணைவும் கீர்த்தனையின் எடுப்பும் தொடுப்பும் ஒருங்கே நலிகின்றன. எந்த இசை என்பதைக் காட்டிலும் யார் பாடுகிறார் என்பதே பெரிய வினா.

மூன்றாவது, பலகுரல் இசையும் பதில்குரல் இசையும் சபை என்னும் ஐக்கியத்தை இரு விதமாகக் காட்டுகின்றன. வெவ்வேறு சுரங்கள் ஒருங்கே ஒலித்தும் சிதறாதிருப்பது ஒரு வகை ஐக்கியம். ஒருவர் சொல்ல மற்றவர் கேட்டு, ‘ஆமா’ என்று ஏற்று, அடுத்த அடியைத் தாம் சுமப்பது மற்றொரு வகை ஐக்கியம். முன்னதைப் பத்தாக்கியர் நன்கு கற்றனர். பின்னது நம் மண்ணிலேயே விளைந்தது. நம் வழிபாட்டில் ‘ஆமென்’ என்று சபையார் உரைக்கும் இடங்கள் பெரும்பாலும் உயிரற்று ஒலிப்பதைப் போதகர் யாவரும் அறிவர். வில்லில் வலத்தே பாடுபவர் ‘ஆமா’ என்னும்போது அவ்வாறு ஒலிப்பதில்லை. ஏனெனில் தம் குரல் இல்லாமல் கதை நகராது என்பதை அவர் அறிவார்.

முடிவுரை

வில்லை எல்லா ஆலயத்திலும் ஏற்றவேண்டும் என்று நாம் வாதிடவில்லை. பலவீனமான மனச்சாட்சியுடையோர் உள்ள இடத்தில் பொறுமை வேண்டும்; அசனப் பந்தலும் கிறிஸ்து பிறப்பின் பண்டிகை இரவும் தொடக்கத்திற்கு ஏற்ற இடங்கள். நம் வேண்டுகோள் எளியது. சபைகளில் பணியாற்றப்போகும் இறையியல் மாணவர் தத்தம் சேகரத்தில் பாடத்தெரிந்த முதியோர் யாவர், அவர் எதைப் பாடினர், எதை விட்டு வந்தனர் என்று கேட்டறியட்டும். கும்மியோ, தாலாட்டோ, ஒப்பாரியோ, வில்லோ, எதுவாயினும் முதலில் அமர்ந்து கேட்கட்டும். தீர்ப்புச் சொல்லுதல் பின்னர் ஆகலாம்.

ஒரு சபையின் முதியவர் தாம் அறிந்த பாட்டோடு நம் வாசலில் வந்து நிற்கும்போது, அவர் கொண்டுவருவது பாட்டை மட்டுமன்று. அதனைப் பெற்றுக்கொள்ளும் தருணம் நமக்கு ஒருமுறை வாய்த்தது, தவறவிட்டோம். இதனை வாசிக்கும் இளம் ஊழியருக்கும் அது வாய்க்கும். அவர்கள் தவறவிடாதிருப்பார்களாக.